சௌக்கியம் என்று எழுதின காகிதம்

சுசீந்திரம்
கொல்லம் 1129 மாசி 12

சௌபாக்கியவதி அழகியநாயகிக்கு உன் அப்பா அநேக ஆசீர்வாதத்துடன் எழுதுவது. நீயும் மாப்பிள்ளையும் குட்டியும் அந்த ஜபல்பூர் குளிரில் ஒரு குறையும் இல்லாமல் இருக்கத் தாணுமாலயசாமி துணையிருப்பார். இங்கு நானும் உன் அம்மையும் என்று எழுதிவிட்டு, அடுத்து வழக்கமாக எழுதுகிற அந்த ஒரு வார்த்தையை எழுத மாட்டாமல் பேனாவைப் பிடித்துக்கொண்டு எவ்வளவோ நேரமாக உட்கார்ந்திருக்கிறேன். உயிரோடு இருக்கிறோம், வேளைக்குச் சாப்பிடுகிறோம், அவ்வளவுதான் என்று வைத்துக்கொள். முதலில் குட்டியைத் தூங்கப் போட்டுவிட்டு, அடுப்பில் எதுவும் கிடந்தால் இறக்கி வைத்துவிட்டு, உட்கார்ந்துகொண்டு மேலே படி மக்கா.

உன் அஞ்சுகிராமத்து அத்தை, பிச்சம்மாளின் அம்மை, என் அக்கா கோமளவல்லி, போன வியாழக்கிழமை மாசி ஆறாம் தேதி விடியற்காலம் இறந்துபோனாள். தந்தி அடிக்கவேண்டும் என்று அம்மை சொன்னாள். மாப்பிள்ளை தந்தி ஆபீசில் இருக்கிறவர், அவர் கையாலேயே அதை எழுதி எடுத்து உன்னிடம் கொண்டு நீட்டவேண்டி வருமே, பால் கொடுக்கிற பிள்ளை திடுக்கிட்டால் ஆகாதே என்று நான்தான் தடுத்தேன். அது ஒரு காரணம். இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். தந்தியில் பத்து வார்த்தை எழுதினால் அத்தை செத்தாள் என்பது மட்டும் உனக்குத் தெரியும், உன் அப்பன் செய்தது தெரியாது. அதை ஊரில் வேறு யாராவது உனக்கு எழுதுவதற்கு முன்னால் நானே எழுதவேண்டும். ஆறு நாளாக யாராவது கூப்பிட்டால் இரண்டாவது தடவை கூப்பிட்ட பிறகுதான் என்னைக் கூப்பிடுகிறார்கள் என்று தெரிகிறது.

கேஸ் விவரம் உனக்குப் பாதி தெரியும், மீதியையும் சொல்கிறேன். அஞ்சுகிராமத்துத் தோப்பு விளையையும் அதிலிருக்கிற ஓட்டு வீட்டையும் அக்காவுக்குக் கல்யாணத்தின்போது உன் பாட்டா, என் அப்பா, வாயால் கொடுத்தார், ஆதாரப் பத்திரம் எழுதவில்லை. அவள் அங்கேயே குடியிருந்தாள், பத்திரம் என் பேரில் கிடந்தது. அத்தான் போன பிறகு பேர் மாற்றித் தரச் சொல்லி அவள் கேட்டாள், தருகிறேன் தருகிறேன் என்று நானும் சொல்லிக்கொண்டே இருந்தேன், அறுப்பு முடியட்டும், ஆடி கழியட்டும் என்று. மூன்று வருஷம் பொறுத்துப் பார்த்துவிட்டு அவள் வக்கீல் நோட்டீஸ் அனுப்பினாள். அவ்வளவுதான், எனக்கு வந்த கோபம்! கூடப் பிறந்தவனை நம்பாமல் கோர்ட்டுக்கு இழுத்துவிட்டாளே, நாலு பேர் பார்க்க நான் பிரதி, அவள் வாதி என்று ஆக்கிவிட்டாளே என்று குதித்தேன். கொடுக்க நினைத்திருந்தவன் கொடுக்கமாட்டேன் என்று நின்றேன். நான்கு வருஷம் ஒருவர் வீட்டு வாசலில் ஒருவர் மிதிக்கவில்லை. போன வைகாசியில் முன்சீப் கோர்ட்டில், எழுத்து ஒன்றும் இல்லை என்று அவள் கேஸ் தள்ளிப்போயிற்று. அப்பீல் போட முப்பது நாள்தான் உண்டு. அந்த நாள் கழிந்தும் அவள் போடவில்லை. சரி, விட்டுவிட்டாள் என்று இருந்தேன். புரட்டாசியில் அப்பீல் வருகிறது, கூடவே ஒரு மனு, வைகாசிக் கடைசியிலிருந்து ஆவணி முடிய நான் படுத்த படுக்கையாகக் கிடந்தேன், அதனால் தாமதத்தைப் பொறுத்து என் அப்பீலை எடுத்துக்கொள்ளவேண்டும் என்று. நடிப்பு, சுத்த நடிப்பு என்று என் வக்கீல் கிருஷ்ணமணியிடம் சொன்னேன். அவரும் நோய் இல்லை என்று காட்ட ஒரு துரும்பு கிடைத்தால் போதும், மனு தள்ளிப்போகும், மனு போனால் அப்பீல் இல்லை, விளை உமக்குத்தான் என்றார்.

அந்தத் துரும்பு நம் வீட்டிலேயே கிடைத்தது மக்கா. நீ பிரசவத்துக்கு வந்துவிட்டுத் தை மாதம் திரும்பிப் போனாய் அல்லவா, உன் அலமாரியில் விரித்திருந்த காகிதத்துக்கு அடியில் நிலவரிக் கரம் தீர்த்த ரசீது ஏதும் கிடக்கிறதா என்று தேடினேன். போன ஆடி மாதம், நீ ஆறு மாதம் நிறைந்து ஜபல்பூரில் இருந்தபோது அத்தை உனக்கு எழுதின காகிதம் கிடைத்தது. முதல் வரியே, நான் இங்கு பரம சௌக்கியம், என்னைப் பற்றி நீ ஒன்றும் விசாரப்பட வேண்டாம் என்று. தேதி ஆடி பதினைந்து. படுத்த படுக்கை என்று அவள் சொல்கிற காலத்துக்கு நடுமத்தியில்! நான் அதை மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு நேரே வக்கீல் வீட்டுக்குப் போனேன். உன்னிடம் கேட்கவில்லை. உனக்கு வந்த காகிதத்தை உனக்குத் தெரியாமல் கோர்ட்டில் கொடுத்தேன். அது மட்டுமல்ல, நான் தெரியாமல் செய்தேன் என்று நினைத்துவிடாதே. சூலிப் பெண்ணுக்கு யாராவது எனக்கு நோவு, எனக்கு வலி என்று எழுதுவார்களா? செத்துக்கொண்டிருந்தாலும் சௌக்கியம் என்றுதான் எழுதுவார்கள். எனக்குத் தெரியாதா? நான் வரப்பில் வழுக்கிக் கணுக்கால் பிசகி ஒரு மாதம் கட்டுப் போட்டுக் கிடந்தபோது உனக்குப் போட்ட மூன்று காகிதத்திலும் சௌக்கியம், சௌக்கியம், சௌக்கியம் என்றுதானே எழுதினேன், நீ வந்து நான் நொண்டுவதைப் பார்த்துச் சண்டை போடவில்லையா. எல்லாம் தெரிந்துதான் கொடுத்தேன். வக்கீலுக்கும் தெரியும், அவர் வீட்டிலும் பெண்பிள்ளைகள் உண்டு. அவர் அதைப் படித்துவிட்டு, இது போதும்வே, அவ கையெழுத்தே அவளுக்கு எதிர்சாட்சி என்று சிரித்தார், நானும் கூடச் சேர்ந்து சிரித்தேன்.

வியாழக்கிழமை மனு விசாரணை. காலையில் குளித்து விபூதி பூசி, கையில் கேஸ் கட்டுடன் படியிறங்குகிறேன், என் பைக்கடிகாரத்தில் மணி ஏழரை. வாசலில் அக்கா விளையில் வேலை பார்க்கிற சுடலையாண்டி சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நிற்கிறான். அஞ்சுகிராமத்திலிருந்து ஒரே மிதியாக மிதித்து வந்திருக்கிறான், சட்டையெல்லாம் வியர்வை. தலைத்துண்டைக் கையில் எடுத்துக்கொண்டு, பாட்டா, பிச்சம்மாக்கா சொல்லிவிட்டுது, அம்மைக்கு என்று ஆரம்பித்தான். சாவுத் துஷ்டி சொல்ல வருகிறவன் படியேறமாட்டான், துண்டு தோளில் இருக்காது, வார்த்தையை உடைத்துச் சொல்லாமல் இழுப்பான், இதெல்லாம் அறுபது வயதில் எனக்குத் தெரியாததா? கண் முன்னால் அத்தனையும் இருந்தது, நான் பார்க்கவில்லை. கேஸ் அன்றைக்குக் காலையில் சமாதானம் பேச ஆள் அனுப்பிவிட்டாள் என்றுதான் என் புத்தி போயிற்று. அவனை மேலே பேசவிடாமல், எதானாலும் கோர்ட்டுல பேசிக்கிடலாம்னு போய்ச் சொல்லுலே என்று அதட்டிவிட்டு, தெருமுக்கில் நாகர்கோவில் பஸ் சத்தம் கேட்டு ஓட்டமும் நடையுமாகப் போய் ஏறிவிட்டேன். அவன் பாட்டா பாட்டா என்று இரண்டு எட்டு பின்னால் வந்தது காதில் விழுந்தது. திரும்பிப் பார்க்கவில்லை.

பதினொரு மணிக்குக் கேஸ் கூப்பிட்டார்கள். அக்காவின் வக்கீல், என் கட்சிக்காரி இன்று வரமுடியாதபடி சுகமில்லாமல் இருக்கிறார் என்றார். பாவம், அவருக்கும் தெரியாது. உடனே கிருஷ்ணமணி எழுந்து, எப்போது பார்த்தாலும் சுகமில்லை, ஆனால் காகிதத்தில் மட்டும் பரம சௌக்கியம் என்று சொல்லி அந்தக் காகிதத்தை உரக்க வாசித்தார். கோர்ட்டில் சிரிப்பு. ஜட்ஜி காகிதத்தை வாங்கித் தேதியைப் பார்த்தார், மனுவைப் பார்த்தார், அங்கேயே உத்தரவு சொல்லிவிட்டார். இங்கிலீஷில் சொன்னதை வக்கீல் எனக்குத் தமிழில் சொன்னார். மனுதாரி நோய் என்று சத்தியம் செய்து சொன்னது பொய், அதற்கு அவர் கைப்பட எழுதிய காகிதமே சாட்சி, மனு தள்ளுபடி. எனக்கு ஆகாசத்தில் நடக்கிற மாதிரி இருந்தது. கோட்டாறு சந்தையில் இறங்கி நல்ல தாராக ஒரு ஏத்தன் வாழைக்குலை வாங்கித் தோளில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். வீட்டுக்கு வந்தால் வீடு பூட்டிக் கிடக்கிறது. அடுத்த வீட்டுத் தாணப்பன் சாவியைக் கொண்டுவந்து தந்துவிட்டு என்னை ஏற இறங்கப் பார்த்தான். என்னவே, நீரு போகலியா என்றான். எங்கே என்றேன். ஒம்ம அக்கா செத்துக் கெடக்கா, காலத்தே ஆளு வந்து ஒம்மகிட்டச் சொன்னான்லா, ஒம்ம வீட்டுல அழுதுகிட்டே பஸ் ஏறிப் போச்சு, நீரு பழக்குலையும் சொமந்துகிட்டு நிக்கேரே என்றான். எனக்கு அவன் வாய் அசைவதுதான் தெரிந்தது. திரும்பத் திரும்ப, யாரு அக்கா, யாரு அக்கா என்று கேட்டேனாம், தாணப்பன் பிறகு சொன்னான். எனக்கு இருப்பதே ஒரு அக்கா.

எப்படிப் பஸ் ஏறினேன் என்று தெரியாது. அஞ்சுகிராமத்தில் இறங்கி விளைக்குள் நுழைகிறேன், முற்றம் நிறைய ஆட்கள், ஒருவர் முகத்திலும் வா என்ற சொல் இல்லை. எல்லாருடைய கண்ணும் என் தோளுக்குப் போகிறது. அப்போதுதான் பார்த்தேன் மக்கா, அந்தப் பழக்குலையைத் தோளில் வைத்தபடியே துஷ்டி வீட்டுக்கு வந்து நிற்கிறேன். யாரோ ஒருவர் வந்து பேசாமல் அதை வாங்கிக் கிணற்றடியில் கொண்டு வைத்தார். உன் அம்மை உள்ளேயிருந்து வந்தாள், தலை விரித்துப் போட்டிருந்தாள், நாற்பது வருஷத்தில் அவள் என்னிடம் அப்படிப் பேசியதில்லை. நீரெல்லாம் மனுசன்தானா, கூடப் பொறந்தவ செத்துட்டான்னு சொன்னவன்கிட்ட கோர்ட்டுல பேசிக்கிடலாம்னு சொல்லிட்டுப் போயிருக்கேரே என்றாள். அப்போதுதான் எனக்கு விளங்கியது. சுடலையாண்டி நான் சொன்னதை அப்படியே, ஒரு எழுத்துக் கூட்டாமல் குறைக்காமல் கொண்டுபோய்ச் சொல்லியிருக்கிறான். சாவுச் செய்திக்கு நான் சொல்லிவிட்ட பதில் அதுதான் என்று ஊர் முழுக்க நம்புகிறது. நான் கேட்கவில்லை, அவனைச் சொல்லவிடவில்லை என்று சொன்னேன். யார் நம்புவார்கள்? நானாக இருந்தால் நம்புவேனா?

பிரேதத்தை மத்தியானமே எடுத்திருக்கலாம். உன் மச்சினி பிச்சம்மாள்தான் எடுக்கவிடவில்லையாம். மாமா கோடி போடாமல் அம்மையை எடுக்கக் கூடாது, வராவிட்டால் வேறு விஷயம், பொழுது சாயும்வரை பார்ப்போம் என்று சொல்லிவிட்டாளாம். உன் அம்மை கோடித் துணி வாங்கி வைத்திருந்தாள், அதைப் பிரித்து நான் போட்டேன். அக்கா முகத்தைப் பார்த்தேன். நான்கு வருஷத்துக்கு முன்பு எவ்வளவு ஆகிருதியாக இருந்தவள்! கன்னமே இல்லை, கை இரண்டும் விறகுச் சுள்ளி போல இருந்தது, வயிறு மட்டும் கோடித் துணியைத் தூக்கிக்கொண்டு நின்றது. வயிற்றில் கட்டி, ஒரு வருஷமாகவாம். வைகாசியில் விழுந்தவள் ஆவணி கழிந்து கொஞ்சம் எழுந்து நடந்திருக்கிறாள், அப்பீல் கடுதாசியில் கையெழுத்துப் போட வில்வண்டியில் படுத்துக்கொண்டே நாகர்கோவில் போய் வந்திருக்கிறாள். நடிப்பு என்று சொன்னேனே, நடிப்பு!

இதோடு முடிந்திருந்தால்கூட ஏதோ அழுது தீர்த்திருப்பேன். மூன்றாம் நாள் வக்கீல் ஆள் அனுப்பி என்னைக் கூப்பிட்டார். கேஸ் கூப்பிட்ட நேரத்துக்கு முன்பே அவள் செத்திருந்தால், செத்தவளுக்கு எதிராகச் சொன்ன உத்தரவு செல்லாது, மகள் தொண்ணூறு நாளைக்குள் வந்து தன் பேரைச் சேர்த்துக்கொண்டு மறுபடி ஆரம்பிக்கலாம். பதினொரு மணிக்குப் பிறகு செத்திருந்தால் உத்தரவு உத்தரவுதான், அசைக்க முடியாது என்றார். அந்த வீட்டில் கடிகாரம் கிடையாது, பெண்டுகள் கோழி கூப்பிட்டது, வெள்ளி முளைத்தது என்றுதான் சொல்வார்கள், கோர்ட்டில் அது நிற்காது, சாவுக் கணக்கில் இன்னும் பதியவும் இல்லை, நீரு கூடப் பொறந்தவர், நீரே போய் மத்தியானம் பன்னிரண்டு மணின்னு பதிஞ்சிரும்வே என்றார். ஏதோ விதை நெல் எடுத்து வைக்கச் சொல்வது போல அவ்வளவு சாதாரணமாகச் சொன்னார். எனக்கு அவர் முகத்தைப் பார்க்கவே பயமாக இருந்தது. பத்து நாளைக்கு முன்பு நானும் அவரும் சேர்ந்து சிரித்த அதே முகம்.

நேரே பிச்சம்மாளிடம் போனேன். கேஸும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம், விளையையும் வீட்டையும் நாளைக்கே உன் பேருக்கு எழுதித் தருகிறேன் என்றேன். பள்ளிக்கூடத்தில் பாடம் சொல்லிக் கொடுக்கிற பிள்ளை, அழாமல் நிதானமாகப் பேசினாள். நீங்க எழுதித் தந்தா நான் வாங்கிக்கிடுதேன் மாமா, அது எங்க அம்மைக்குள்ளதுதான், ஆனா எங்க அம்மை பொய் சொன்னான்னு கோர்ட்டுல எழுதி வச்சிருக்காவளே, அதை எந்த ஆதாரத்துல எழுதி அழிப்பீங்க என்று கேட்டாள். அம்மை ஒரு நாளாவது பொய் சொல்லி நீங்க கேட்டிருக்கீங்களா மாமா என்று கேட்டாள். சின்ன வயதில் நான் செய்த திருட்டுத்தனத்தையெல்லாம் அப்பாவிடம் போட்டுக்கொடுத்து எனக்கு அடி வாங்கித் தந்தவள் அவள்தான், அவளுக்குப் பொய் வராது. அந்த ஒரே ஒரு சௌக்கியத்தைத் தவிர.

பிச்சம்மாளின் வக்கீலைப் போய்ப் பார்த்தேன். அந்த உத்தரவு அழிய வேண்டுமானால் காலை ஏழரை மணிக்கே சாவுச் செய்தி வந்துவிட்டது என்று மணி பார்த்தவர் யாராவது சத்தியம் செய்து சொல்லவேண்டுமாம். மணி பார்த்தவன் நான் ஒருத்தன்தான். ஆள் வந்தும் கேட்காமல் போனேன் என்று நான் சொன்னால், செய்தி தெரிந்தே கோர்ட்டை ஏமாற்றி உத்தரவு வாங்கினான் என்று என் பேரில் வரலாம் என்று அவர் எச்சரித்தார். கிருஷ்ணமணியோ, பிரதியே வாதிக்குச் சாட்சி சொல்லும் கேஸை நான் நடத்தமாட்டேன் என்று கேஸ் கட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். வரட்டும் மக்கா, எது வேண்டுமானாலும் வரட்டும். நான் சொல்லப் போகிறேன். பிச்சம்மாளின் மனுவுக்குப் பங்குனி எட்டாம் தேதி நாள் போட்டிருக்கிறது.

இன்று காலையில் சாவைப் பதிய அஞ்சுகிராமத்துக்குப் போனேன். கிராம ஆபீசர் பெரிய புத்தகத்தை விரித்து வைத்து ஒவ்வொன்றாகக் கேட்டார். இறந்தவர் பேர் சொன்னேன். வயது அறுபத்து நான்கு. நேரம், கோழி கூப்பிட்ட பிறகு, விடியுமுன், ஏழரைக்கு எனக்கு ஆள் வந்துவிட்டது என்று சொன்னேன், எழுதிக்கொண்டார். பிறகு, இறந்துபோன அம்மாளுக்கு நீர் யார் என்று கேட்டார். பிரதி என்று சொன்னேன். என் வாயிலிருந்து அப்படித்தான் வந்தது, நான்கு வருஷமாக அவளைப் பற்றி எந்த ஆபீசில் யார் கேட்டாலும் சொன்ன பதில். அவர் பேனாவை நிறுத்திவிட்டு, என்ன சொன்னேரு என்று கேட்டார். பக்கத்தில் நின்ற சுடலையாண்டிதான், தம்பி சாமீ, கூடப் பொறந்த தம்பி, அப்படி எழுதுங்க என்றான். அவர் எழுதினார். நான் கையெழுத்துப் போட்டேன்.

இனி உன்னிடம் ஒரு காரியம். அந்தக் காகிதம் உன் பேருக்கு வந்தது. அதைப் படித்தபோது நீ ஆறு மாதம் என்பதையும், அதனால்தான் அத்தை அப்படி எழுதினாள் என்று நீ நினைக்கிறாயா என்பதையும், அவள் உனக்கு எழுதின மற்றக் காகிதங்கள் ஏதும் உன்னிடம் இருந்தால் அவற்றையும் சேர்த்து, உன் கைப்பட எழுதி, அங்கே யாராவது மாஜிஸ்திரேட்டு முன்னால் கையெழுத்துப் போட்டு, பங்குனிக்கு முன்னால் ரிஜிஸ்தர் தபாலில் பிச்சம்மாளுக்கு அனுப்பு. எனக்கு அனுப்பாதே. என்னைக் காப்பாற்ற என்று ஒரு வரிகூடச் சேர்க்காதே, அப்பா கேட்காமல் என் காகிதத்தை எடுத்துக் கொடுத்துவிட்டார் என்பதையும் எழுது. மாப்பிள்ளையிடம் இதைக் காட்டவேண்டுமென்றால் காட்டு, எனக்கு மறைக்க ஒன்றுமில்லை. குட்டிக்கு அம்மை குத்தியாயிற்றா, நாள் கடத்தாதே. குளிரில் அவளை வெறுந்தரையில் கிடத்தாதே. உன் அம்மை இப்போதும் அஞ்சுகிராமத்தில்தான் இருக்கிறாள், பதினாறாம் நாள் அடியந்திரச் சடங்கு முடிந்துதான் வருவாளாம், வருவாளா என்று எனக்கே நிச்சயமில்லை. நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் நீண்ட ஆயுளோடு குறைவில்லாமல் வாழ வேண்டும். உத்தரவு எழுதின ஜட்ஜிக்கு என்னைவிட உன் எழுத்தின் மேல்தான் நம்பிக்கை இருக்கும், நான் ஒரு தடவை பொய்க்குச் சாட்சி கொண்டு போனவன். ஆகவே உன் அத்தை பொய் சொல்லவில்லை என்பதை நீ எழுது அம்மா, நான் சொன்னால் போதாது.

இப்படிக்கு,
உன் அப்பா
வள்ளிநாயகம்